ஆலோசகர்: கண்ணில் பிறந்த சொல்

வேலூரில் காட்பாடி சாலையோரம் கொஞ்சம் நடந்தால் பலகைக்குப் பலகை ஆலோசகர்தான். வரி ஆலோசகர், விசா ஆலோசகர், காப்பீட்டு ஆலோசகர், பையனை எந்தக் கல்லூரியில் சேர்க்கலாம் என்று சொல்லும் கல்வி ஆலோசகர். டெல்லியில் பிரதமருக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, எந்த நாட்டோடு பேசலாம், எதனிடம் ஜாக்கிரதையாக இருக்கலாம் என்று சொல்பவரும் தேசிய பாதுகாப்பு ஆலோசகர். ஒரே சொல் இத்தனை பேரையும் சுமக்கிறது.

ஆலோசனை வடமொழிச் சொல். அதன் வேரான 'லோச்' என்பதற்குப் பார்த்தல் என்று பொருள். கண்ணைக் குறிக்கும் லோசனம் அதே வேரிலிருந்து வந்ததுதான். முக்கண்ணனைத் திரிலோசனன் என்கிறோமே, அதே லோசனம். ஆக, ஆலோசகர் என்பவர் அடிப்படையில் நன்றாகப் பார்ப்பவர்.

குறளைத் திறந்தால் 445இல் இதே கண் வருகிறது. 'சூழ்வார்கண் ணாக ஒழுகலான் மன்னவன் சூழ்வாரைச் சூழ்ந்து கொளல்.' சூழ்வாரைக் கண்ணாகக் கொண்டுதான் அரசாட்சி நடக்கிறது, அதனால் அவர்களை ஆராய்ந்து சேர்த்துக்கொள் என்கிறார் வள்ளுவர். சூழ்தல் என்றால் ஒரு விஷயத்தை எல்லாப் பக்கமும் சுற்றிவந்து எண்ணிப்பார்ப்பது. அப்படியானால் ஆலோசகருக்கு நேரான பழந்தமிழ்ச் சொல் சூழ்வார்தான்.

ஆனால் இன்று அதை எழுத முடியாது. 'சூழ்ச்சி முடிவு துணிவெய்தல்' என்று 671ஆம் குறள் சொல்லும்போது, நன்றாக யோசித்ததன் முடிவு ஒரு தீர்மானத்துக்கு வருவது என்று பொருள். குற்றம் எதுவும் அதில் இல்லை. இன்றைக்கு சூழ்ச்சி என்றால் மாமியார் மருமகள் சீரியல்தான் ஞாபகம் வரும். வெளியுறவு அமைச்சகத்தின் சூழ்ச்சியாளர் என்று ஒருவரை அறிமுகப்படுத்திப் பாருங்கள், மறுநாள் வழக்கு வரும். மூடிய அறைக்குள் நடக்கும் பேச்சை வெளியே நிற்பவர்கள் எப்போதும் சந்தேகத்தோடுதான் பார்த்திருக்கிறார்கள் என்று நினைக்கிறேன். ராஜதந்திரத்தில் இருக்கும் தந்திரத்துக்கும் அதே கதிதான்.

மந்திரியும் முதலில் ஆலோசனை சொல்பவரே, மந்திரம் என்றால் இரகசியமாகக் கலந்து பேசுவது. அரபியிலிருந்து வந்த வக்கீல் இன்னும் சுவாரசியம். ஆற்காட்டு நவாப்புகள் காலத்தில் ஓர் அரசரின் சார்பாக இன்னோர் அரசவையில் போய்ப் பேசும் பிரதிநிதிக்கும் அதுதான் பெயர். அந்தத் தூதுப் பொருள் போய்விட்டது, வேலூர் கோர்ட் வாசலில் கறுப்பு அங்கியோடு நிற்பவர் மட்டும் மிஞ்சினார்.

சரி, இந்தச் சொல்லுக்கு உரிய ஆள் எப்படி இருப்பார்? எனக்குத் தோன்றுவது கே. சுப்பிரமணியம். 1929இல் திருச்சியில் பிறந்து, சென்னை மாநிலக் கல்லூரியில் வேதியியல் படித்து, 1951இல் ஐ.ஏ.எஸ். ஆனவர். 1965இல் டெல்லியில் தொடங்கிய பாதுகாப்பு ஆய்வு நிறுவனத்துக்கு 1968 முதல் 1975 வரையும், மறுபடி 1980 முதல் 1987 வரையும் இயக்குநர். அரசாங்கம் தயங்கிக்கொண்டிருந்த காலத்திலேயே இந்தியாவுக்கு அணு ஆயுதம் வேண்டும் என்று எழுதியவர். அதை ஏற்காதவர்கள் நிறையப் பேர் உண்டு. ஆனால் தலையசைத்துப் பிழைத்தவர் என்று யாரும் அவரைச் சொன்னதில்லை. தேசிய பாதுகாப்பு ஆலோசகர் என்ற பதவி 1998இல் உருவானது. அதில் அவர் உட்காரவே இல்லை. தேசிய பாதுகாப்பு ஆலோசனை வாரியத்துக்கு ஒருங்கிணைப்பாளராக மட்டும் இருந்தார்.

1999இல் கார்கில் போருக்குப் பிறகு அமைத்த ஆய்வுக் குழுவுக்கு அவர்தான் தலைவர். அப்போது பிரஜேஷ் மிஸ்ரா பிரதமரின் முதன்மைச் செயலாளர், பாதுகாப்பு ஆலோசகர் என்று இரண்டு நாற்காலியிலும் இருந்தார். ஆலோசகர் வேலைக்கு முழுநேர ஆள் வேண்டும் என்று குழு எழுதிக் கொடுத்தது. கேட்டவர்களுக்கு இனித்திருக்காது. 'இடிப்பாரை இல்லாத ஏமரா மன்னன்' கெடுப்பார் இல்லாமலே கெடுவான் என்கிறது 448ஆம் குறள். இடிப்பார் என்றால் முகத்துக்கு நேரே கடிந்து சொல்பவர். அதே 1999இல் பத்ம பூஷண் வந்தபோது, அரசு அதிகாரிகளும் பத்திரிகையாளர்களும் அரசு விருது வாங்கக் கூடாது என்று மறுத்துவிட்டார். 2011இல் காலமானார். இப்போதைய வெளியுறவு அமைச்சர் ஜெய்சங்கர் அவருடைய மகன்.

டிவி விவாதங்களில் எல்லாரையும் நிபுணர் என்று போட்டுவிடுகிறார்கள். துறையைக் கற்றவர் அறிஞர், ஆட்சியில் இருப்பவரிடம் அதைப் போய்ச் சொல்பவர் ஆலோசகர், இன்னொரு நாட்டிடம் போய்ச் சொல்பவர் தூதர். வேலூர் ஊரிஸ் கல்லூரியில் படித்த ராதாகிருஷ்ணன் தத்துவ அறிஞராக இருந்து 1949இல் சோவியத் நாட்டுக்குத் தூதரானார். ஒருவரே மூன்றாகவும் இருக்கலாம், ஆனால் வேலை வேறு வேறு. 'செயற்கை அறிந்தக் கடைத்தும் உலகத்து இயற்கை அறிந்து செயல்' என்ற 637ஆம் குறள் அறிஞர் ஆலோசகராகும் இடத்தைத்தான் சொல்கிறது. நூலறிவு இருந்தாலும் உலக நடப்பைப் பார்த்துச் செய் என்பது அதன் பொருள். அந்த உலக நடப்பு நம் பக்கம் நன்றாகத் தெரியும். 2025 ஆகஸ்டில் அமெரிக்கா இந்தியப் பொருள்களுக்கு வரியை 50 சதவீதமாக்கியபோது, பழைய வட ஆற்காட்டு ஊர்களான ஆம்பூரும் ராணிப்பேட்டையும் கவலைப்பட்டன. தோலும் ஷூவும் ஏற்றுமதி செய்துதான் அங்கே பிழைப்பு.

அப்புறம், தமிழில் எதைச் சொல்லலாம்? அறிவுரைஞர் வேண்டாம். அறிவுரை என்றதும் பரீட்சையில் தோற்ற பையனை உட்காரவைத்துப் பேசுவது போல் இருக்கிறது. ஈழத் தமிழ் எழுத்தில் பழகிய மதியுரைஞர் என் தேர்வு. மதி, உரை இரண்டும் புரிகிற சொற்கள். வெளியுறவு மதியுரைஞர், பாதுகாப்பு மதியுரைஞர் என்று தயங்காமல் எழுதலாம். காட்பாடி சாலைப் பலகைகளில் ஆலோசகர் அப்படியே இருந்துவிட்டுப் போகட்டும்.