சொடுக்கினால் வெளிச்சம் வருமா?

ஒன்பதாம் வகுப்பு படிக்கும் வாசகி ஒருவர் கேட்டிருக்கிறார்: "மாயாஜாலக் கதைகளில் மந்திரவாதி விரலைச் சொடுக்கியதும் சத்தம் கேட்கிறது, வெளிச்சம் பாய்கிறது, எதிரே நின்றவன் சுருண்டு விழுகிறான். நிஜத்தில் இப்படி ஏதாவது உண்டா?"

உண்டு. சொடுக்குவது ஐந்து சென்டிமீட்டர் நீளமுள்ள ஓர் இறால்.

பிஸ்டல் இறால் என்று பெயர். ஆல்ஃபியஸ் பேரினத்தைச் சேர்ந்தது. வெப்பமான கடல்களின் ஆழம் குறைந்த பகுதிகளில், பாறை இடுக்குகளில் வாழும். இரண்டு கொடுக்குகளில் ஒன்று மட்டும் உடம்புக்குப் பொருந்தாத அளவுக்குப் பருத்திருக்கும். இரை பக்கத்தில் வந்ததும் அந்தக் கொடுக்கை அகலத் திறந்து, படக்கென்று மூடும். சின்ன நண்டு மயங்கிவிடும், சில சமயம் செத்தே போகும். இவை கூட்டமாக வாழும் இடத்தில் நீருக்குள் மைக்கை இறக்கினால் சூடான எண்ணெயில் கடுகு பொரிவதுபோலக் கேட்கும். இரண்டாம் உலகப்போரில் நீர்மூழ்கிகளை ஒலியால் தேடியவர்களுக்கு இந்தச் சடசடப்பு பெரிய இடைஞ்சலாக இருந்தது.

கொடுக்கின் இரண்டு பாதிகளும் மோதுவதால்தான் சத்தம் வருகிறது என்றே வெகுகாலம் நினைத்திருந்தார்கள். யாரும் அப்படித்தான் நினைப்போம். 2000-ஆம் ஆண்டில் மிஷேல் வெர்ஸ்லூயிஸ், பார்பரா ஷ்மிட்ஸ், டெட்லெஃப் லோசே ஆகியோரின் குழு விநாடிக்கு 40,000-க்கும் மேற்பட்ட படங்கள் எடுக்கும் கேமராவையும் நீருக்கடி மைக்கையும் சேர்த்து வைத்துப் பார்த்தது. கொடுக்கு மூடுகிறது, சத்தம் இல்லை. ஒரு குமிழி பிறக்கிறது, வளர்கிறது. இன்னும் சத்தம் இல்லை. அந்தக் குமிழி நசுங்கும் கணத்தில்தான் 'டப்'!

குமிழி வருவது பள்ளிப் பாடம்தான். கொடுக்கின் ஒரு பாதியில் முளை, மறுபாதியில் அதற்கேற்ற குழி. மூடும்போது முளை குழிக்குள் இறங்க, அங்கிருந்த நீர் மணிக்கு 90 கிலோமீட்டர் அளவு வேகத்தில் பீய்ச்சியடிக்கிறது. வேகம் கூடினால் அழுத்தம் குறையும் என்று பெர்னூலி சொன்னாரே, அதேதான். அழுத்தம் மிகவும் குறைந்தால் நீர் சூடாகாமலே ஆவியாகும். குமிழி தயார்.

இனிமேல் நடப்பதைத்தான் எனக்கு எத்தனை முறை சொன்னாலும் அலுக்காது.

குமிழிக்குள் கொஞ்சம் நீராவியும் துளி காற்றும் தவிர வேறொன்றும் இல்லை. தாரையின் வேகம் தணிந்ததும் வெளியே அழுத்தம் திரும்பிவிடுகிறது. சுற்றியுள்ள நீர் எல்லாத் திசைகளிலிருந்தும் ஒரே நேரத்தில் நடுவை நோக்கிப் பாய்கிறது. அகன்று வரும் காவிரி ஒகேனக்கல்லில் பாறை இடுக்குக்குள் நுழைந்ததும் எப்படிச் சீறுகிறது! இந்தக் குமிழிக்கு எல்லாத் திசையும் இடுக்குதான். உள்ளே போகப் போக இடம் குறைகிறது, இடம் குறையக் குறைய வேகம் ஏறுகிறது. ஆரம் பத்தில் ஒன்றாகச் சுருங்கினால் கனஅளவு ஆயிரத்தில் ஒன்றாகிவிடும். உள்ளே மாட்டிக்கொண்ட வாயுவுக்குத் தன் சூட்டை வெளியே தள்ள நேரமே கிடைப்பதில்லை. சைக்கிளுக்கு வேகமாகக் காற்றடித்தால் பம்பின் அடிப்பக்கம் சுடுமே, அதே காரணம்தான்.

எவ்வளவு சூடு? 2001-இல் அதே குழுவினர் அளந்தார்கள்: குறைந்தது 5,000 கெல்வின். சூரியனின் மேற்பரப்பே சுமார் 5,800 தான். அந்தச் சூட்டில் வாயு ஒளிர்கிறது. விநாடியின் பத்துக் கோடியில் ஒரு பங்குக்கும் குறைவான நேரம்தான். நம் கண்ணுக்குத் தெரியாது, கருவிக்குத் தெரிகிறது. நண்டை வீழ்த்துவது அழுத்த அலை. வெளிச்சம் கூடவே வருவது.

ஒலியால் ஒளி பிறப்பதை அதற்கு வெகுமுன்பே ஆய்வகத்தில் பார்த்துவிட்டார்கள். 1934-இல் ஜெர்மனியின் கொலோன் நகரில் ஃப்ரென்செல், ஷூல்டெஸ் இருவரும் புகைப்படம் கழுவும் வேலையைத் துரிதப்படுத்த காதுக்குக் கேட்காத உயர் அதிர்வெண் ஒலியான மீயொலியைப் பயன்படுத்தியபோது, படத்தில் காரணம் தெரியாத புள்ளிகள் விழுந்தன. நீரில் குமிழிகள் ஒளிர்ந்திருக்கின்றன! 1980-களின் இறுதியில் அமெரிக்காவில் ஃபெலிப்பே கைட்டான் ஒரே ஒரு குமிழியைக் குடுவையின் நடுவே ஒலியால் பிடித்துவைத்து மினுங்க வைத்தார். அது விநாடிக்கு இருபதாயிரம் முறைக்கு மேல் விரிந்து நசுங்கும். இருட்டறையில் வெறுங்கண்ணுக்கே நீல நட்சத்திரம்போலத் தெரியும். பரவிக் கிடந்த ஒலியின் ஆற்றல் அங்கே ஏறக்குறைய லட்சம் கோடி மடங்கு செறிவாகிறது.

இதை வைத்து "மந்திர ஒலியால் ஒளி பிறக்கும் என்று விஞ்ஞானமே நிரூபித்துவிட்டது" என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். கைட்டானின் குமிழிக்கு ஒன்றரை லட்சம் பாஸ்கலுக்குச் சற்றுக் குறைவான ஒலியழுத்தம் வேண்டும். தொண்டை கிழியக் கத்தினாலும் ஒரு மீட்டர் தள்ளிச் சில பாஸ்கல் வந்தால் அதிகம்.

"இறால் சொடுக்குவதை ஆராய எதற்குப் பணம்?" என்று கேட்பவர்களை நான் ஒரு கிணற்றடிக்குக் கூட்டிப்போவேன். உறிஞ்சுகுழாயின் அடிமுனையில் இருக்கும் ஃபுட்வால்வ் அடைத்துக்கொண்டால் மோட்டார் ஜல்லியை அரைப்பதுபோல் கரகரக்கும். எங்கள் ஊர் மெக்கானிக் அப்படி ஒன்றைப் பிரித்து உள்ளே சுழன்று நீரைத் தள்ளும் இம்பெல்லரை என் கையில் கொடுத்தார். இதழ்களின் ஓரம் கரையான் அரித்த மரம்போலக் குழிகுழியாக இருந்தது. இரும்பைத் தின்றது, அழுத்தம் குறைந்ததால் பிறந்த அதே மாதிரிக் குமிழிகள்தான். கப்பல் விசிறிகளும் இப்படித்தான் அரிக்கப்பட்டன. 1917-இல் இங்கிலாந்து இயற்பியலாளர் லார்டு ரேலே குமிழி நசுங்குவதற்குக் கணக்குப் போட்டதற்கு அதுதான் தூண்டுதல். சிறுநீரகக் கல்லை அதிர்வலையால் உடைக்கும்போதும் இந்தக் குமிழிகள் உதவுகின்றன. இவ்வளவுக்கும் அடிப்படையான ஓர் இயக்கத்தைச் சேற்றில் கிடக்கும் உயிரிடம் படிக்கப் பணம் ஒதுக்கத்தான் வேண்டும்.

இரும்பையே அரிக்கும் குமிழி தன் முகத்துக்கு முன்னால் வெடிக்கிறதே, இறாலுக்கு ஒன்றும் ஆகாதா? அதன் கண்களை மூடியபடி கண்ணாடிபோல் ஒளிபுகும் ஓடு ஒன்று இருக்கிறது. அதிர்ச்சி அலையின் வலிமையைத் தணித்து, மூளைக்கு அடிபடாமல் காப்பது அந்த ஓடுதான் என்று 2022-இல் கண்டறிந்தார்கள். ஓட்டை அகற்றிவிட்டு அலையை அனுப்பிப் பார்த்தபோது, இறால் தடுமாறியது, தன் வளைக்குத் திரும்பும் வழி தெரியாமல் திணறியது.