ஸ்கூல் ஃபார்மில் பெயர் இருந்தால் கார்டியன் ஆகிவிட முடியாது

போன மாதம் குடும்ப நல நீதிமன்ற வராந்தாவில் ஒரு பையன் பெஞ்சில் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதிக்கொண்டிருந்தான். ஒன்பது வயது. அப்பா, அம்மா இரண்டு பேரும் ஒரே விபத்தில் போய்விட்டார்கள். (ஆள் தெரியாமல் இருக்கச் சில விவரங்களை மாற்றியிருக்கிறேன்.) ரப்பர் தேடிப் பையைத் துழாவினான், இரண்டு அடையாள அட்டைகள் கீழே விழுந்தன. ஒரே கல்வியாண்டு, இரண்டு பள்ளிகள். ஒன்றில் கார்டியன் என்ற இடத்தில் சித்தப்பா பெயர், இன்னொன்றில் அம்மாவைப் பெற்ற பாட்டியின் பெயர். "இன்னைக்கு எதைப் போட்டுக்கணும்?" என்று என்னிடம் கேட்டான். நான் பாட்டி தரப்பு வக்கீல். பதில் சொல்ல முடியவில்லை.

இந்த வருடத்தில் இது போல என்னிடம் வந்த நான்காவது வழக்கு இது. நான்கிலும் இரண்டு தரப்பும் ஒரு ஃபைலைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். உள்ளே என்ன இருக்கும்? ஊர்ப் பெரியவர்கள் முன்னால் முத்திரைத்தாளில் எழுதி நோட்டரி கையெழுத்து வாங்கிய ஒப்பந்தம். ஆதாரில் மாற்றிய முகவரி. பள்ளி விண்ணப்பத்தின் நகல். காவல் நிலையத்தில் எழுதி வாங்கிய சமாதானக் கடிதம். தாசில்தார் கொடுத்த வாரிசுச் சான்றிதழ். "சார், எல்லாம் பக்காவா இருக்கு, நான்தான் கார்டியன்" என்பார்கள்.

இல்லை. இதில் ஒன்றுகூட உங்களைக் கார்டியன் ஆக்காது. பள்ளி அந்தப் பெயரைக் கேட்பது குழந்தைக்குக் காய்ச்சல் வந்தால் யாருக்குப் போன் செய்வது என்று தெரிந்துகொள்ள. வாரிசுச் சான்றிதழ் இறந்தவருக்கு யார் வாரிசு என்று சொல்லும். வாரிசான குழந்தைக்கு யார் காப்பாளர் என்று சொல்லாது. போலீஸ் கட்டப்பஞ்சாயத்து செய்து குழந்தையைப் பங்கு பிரிக்க முடியாது. நோட்டரி பார்ப்பது கையெழுத்துப் போட்டது நீங்கள்தானா என்று. உள்ளே எழுதியதற்குச் சட்டபலம் தர அவருக்கு அதிகாரமே கிடையாது. இருபது பேர் சாட்சிக் கையெழுத்துப் போட்டாலும் இதேதான்.

இந்துக் குடும்பங்களுக்கான 1956-ஆம் ஆண்டுக் காப்பாளர் சட்டத்தில், மணமாகாத குழந்தைக்கு இயற்கைக் காப்பாளர், அதாவது யாரும் நியமிக்காமலே கார்டியன், என்று இருப்பவர்கள் அப்பாவும் அம்மாவும் மட்டுமே. தாத்தா இல்லை, சித்தப்பா இல்லை, தாய்மாமன் இல்லை, பாட்டியும் இல்லை. "அப்பா வழிக்குத்தான் முதல் உரிமை" என்பதும் "தாய்மாமனுக்குத்தான் உரிமை" என்பதும் வீட்டுத் திண்ணையில் பேசலாம். மனுவில் எழுத முடியாது. பெற்றோர் இருவரும் இல்லையென்றால், உயிலில் அவர்கள் யாரையாவது குறிப்பிட்டிருக்க வேண்டும். இல்லாவிட்டால் 1890-ஆம் ஆண்டுக் காப்பாளர்கள் மற்றும் காப்புரிமைச் சட்டப்படி நீதிமன்றம் ஒருவரை நியமிக்க வேண்டும். எந்த மதத்துக் குழந்தைக்கும் அந்த 1890 சட்டத்தின் கீழ் மனுப் போடலாம்.

அப்பாவை இழந்த குழந்தையின் அம்மாவை மிரட்டுகிறவர்களுக்கும் சொல்லிவிடுகிறேன். கணவன் இறந்தபின் அவள்தான் இயற்கைக் காப்பாளர். மறுமணம் செய்துகொண்டாள் என்பதற்காக மட்டும் அந்த இடம் பறிபோகாது. அப்பா உயிரோடு இருக்கும்போதே, அவர் பொறுப்பில் இல்லாத சூழலில் அம்மா காப்பாளராகச் செயல்படலாம் என்று 1999-இல் கீதா ஹரிஹரன் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

நீதிமன்றம் பார்ப்பது குழந்தையின் நலன். உறவு நெருக்கம் அதில் ஒரு பகுதிதான். 2008-இல் ஒரு வழக்கில் அப்பா இருந்தும் அம்மாவழித் தாத்தா பாட்டியிடமே பையனை விட்டது உச்ச நீதிமன்றம். மனைவியின் மரணம் தொடர்பாக அப்பா மீது குற்ற வழக்கு நிலுவையில் இருந்தது, பையனும் தாத்தா வீட்டில்தான் இருப்பேன் என்றான். 2019-இல் இன்னொரு வழக்கில், அம்மா இறந்தபின் தாய்வழி உறவினர்கள் வளர்த்த குழந்தையை அப்பாவிடம் ஒப்படைத்தது. பக்கத்து வீட்டு வழக்கின் தீர்ப்பைக் கொண்டுவந்து காட்டி "எங்களுக்கும் இதேதானே" என்று கேட்காதீர்கள்.

சரி, பணத்துக்கு வருவோம். பல வழக்குகள் அங்கேதான் தொடங்குகின்றன, வாய்விட்டுச் சொல்ல மாட்டார்கள். விபத்து இழப்பீட்டில் குழந்தையின் பங்கை வழக்கமாக மேஜராகும் வரை வங்கியில் நிரந்தர வைப்பாகப் போடச் சொல்லும் தீர்ப்பாயம். வளர்க்கிறோம் என்ற ஒரே காரணத்தால் இந்துக் குழந்தையின் சொத்தில் கைவைக்க யாருக்கும் உரிமை இல்லை. 1956 சட்டத்தின் 11-ஆம் பிரிவு. பெற்ற அம்மாவே ஆனாலும் குழந்தையின் தனிச்சொத்தான நிலத்தை விற்க நீதிமன்ற அனுமதி வாங்க வேண்டும். வாங்காமல் கிரயம் செய்தால், பிள்ளை 18 வயதுக்குப் பிறகு 3 வருடத்துக்குள் அதை ரத்து செய்யக் கேட்கலாம். அப்படிப்பட்ட இடத்தை மலிவாகக் கிடைக்கிறதே என்று வாங்குகிறவர்களும் யோசியுங்கள். நீதிமன்றம் நியமித்த காப்பாளரிடம் சொத்துப் பட்டியல், வரவு செலவுக் கணக்கு எல்லாம் கேட்கப்படலாம். இதைச் சொன்னதும் என் அறையிலிருந்து எழுந்து போய்த் திரும்பி வராதவர்கள் உண்டு.

குழந்தையைத் தூக்கிக்கொண்டு வெளியூர் போவதை உடனே நிறுத்துங்கள். குழந்தை வழக்கமாக எங்கே வசித்ததோ அந்த எல்லைக்குட்பட்ட நீதிமன்றம்தான் காப்பாளர் மனுவை விசாரிக்கும். ஒரே இரவில் ஊர் மாற்றினால் அது மாறிவிடாது. எதிர்த்தரப்பினர் ஆட்கொணர்வு மனுவோடு, அதாவது குழந்தையைக் கொண்டுவந்து நிறுத்தச் சொல்லும் மனுவோடு, உயர் நீதிமன்றம் போவார்கள். நீங்கள் கடத்தியவர் இடத்தில் நிற்பீர்கள். பயமிருந்தால் சீக்கிரம் மனுப் போட்டு இடைக்கால உத்தரவு கேளுங்கள். அதற்கு வழி இருக்கிறது.

சிறு குழந்தை வைத்திருக்கும் பெற்றோரே, தயவுசெய்து உயில் எழுதுங்கள். இரண்டு சாட்சிகள் போதும், பதிவு கட்டாயம் இல்லை. யார் வளர்க்க வேண்டும் என்று ஒரு வரி, அவ்வளவுதான். எழுதும் முன் அந்த ஆளிடம் கேட்டுவிடுங்கள்.

அப்புறம், நீதிபதி குழந்தையைத் தனியாக அழைத்துப் பேசுவார். முதல் நாள் இரவு உட்கார வைத்துப் பாடம் சொல்லிக்கொடுக்காதீர்கள். சொல்லிக்கொடுத்த குழந்தை உங்கள் வாக்கியத்தையே சொல்லும். பத்து வயதுப் பிள்ளை 'மன உளைச்சல்' என்று சொன்னால் நீதிபதிக்குத் தெரியாதா?

அந்தப் பையனுக்கு அடுத்த வாய்தா பள்ளி திறக்கும் வாரத்தில் வருகிறது. எதிர்த்தரப்பு வக்கீலிடம் பேசினேன், என் கட்சிக்காரப் பாட்டியிடமும் பேசினேன். உத்தரவு வரும்வரை அவன் இப்போது படிக்கும் பள்ளியிலேயே படிக்கட்டும், மூன்றாவது அட்டை வேண்டாம். பாட்டி சரி என்றார். சித்தப்பா இன்னும் பதில் சொல்லவில்லை.