மூட்டைக்குப் பிறகு ரெண்டு பூச்சியம்

பெரும்போக அறுவடை மும்முரமாக நடந்துகொண்டிருந்தது. இலங்கையில் சம்மாந்துறைப் பக்கம் நெல் வாங்கும் ஆலை ஒன்றுக்கு நான் எழுதிக் கொடுத்த மென்பொருளில் சிறு திருத்தம் செய்திருந்தேன். மறுநாள் கணக்குப்பிள்ளை அழைத்தார். "தம்பி, பற்றுச்சீட்டில மூட்டைக்குப் பிறகு ரெண்டு பூச்சியம் என்னத்துக்கு?"

40 மூட்டை என்று வரவேண்டிய இடத்தில் 40.00. அதைவிட மோசம், அன்றைய மூட்டைத் தொகை பூச்சியத்திலேயே நின்றது.

நான் தொட்டது சி ஷார்ப் என்ற நிரல்மொழியில் எழுதிய ஒரு பழைய சுவிட்ச்சை மட்டுந்தான், அதாவது கேட்பதற்கு ஏற்ப பல கிளைகளில் ஒன்றைத் தெரிவுசெய்யும் பகுதியை. மூட்டை எண்ணிக்கை கேட்டால் இன்ட் (முழு எண்), கிலோ எடை கேட்டால் டபுள் (தசம எண்) திருப்பித் தரும். அது இருக்கும் மெதட்டின் (செயற்கூறின்) வகை ஆப்ஜெக்ட், எந்த வகைப் பெறுமானமும் உள்ளே போகக்கூடிய பொது வகை. கிளைக்குக் கிளை பெறுமானத்தைத் திருப்பித் தரும் தனி ரிட்டர்ன் இருந்தவரை இன்ட் இன்டாகவே வெளியே போனது. அதை 2019இல் சி ஷார்ப் 8உடன் வந்த சுவிட்ச் எக்ஸ்பிரஷனாக மாற்றினேன். நிரலை மொழிபெயர்க்கும் கம்பைலர் ஓர் எச்சரிக்கைகூடத் தரவில்லை.

பழைய சுவிட்ச் வெறும் கட்டளை. அதற்கென்று வகை கிடையாது. புதியது ஒரு கோவை (எக்ஸ்பிரஷன்), அதுவே ஒரு பெறுமானம் தருவதால் அதற்கு வகை வேண்டும். கம்பைலர் கிளைகளைப் பார்த்து, எல்லாவற்றுக்கும் பொருந்தும் பொது வகையைத் தேடுகிறது. இன்ட் தானாக டபுளாக மாறும், டபுள் இன்டாக மாறாது. ஆகவே பொது வகை டபுள். 40 முதலில் 40.0 ஆகி, பிறகுதான் ஆப்ஜெக்டுக்குள் போகிறது; சீட்டும் அதை எடையைப் போல இரண்டு தசமத்தோடு அச்சிட்டது. தொகை கூட்டும் இடத்தில் "இது இன்டா?" என்று சோதித்திருந்தேன், இல்லை என்றே பதில் வந்தது, ஒரு மூட்டையும் சேரவில்லை. சோதிக்காமல் நேரே இன்டுக்குக் காஸ்ட் (வகை மாற்றம்) செய்திருந்தால் எக்ஸெப்ஷன் என்ற பிழை வந்து முதல் சீட்டிலேயே நின்றிருக்கும். அது எவ்வளவோ மேல்.

என் கணினியில் பார்த்தபோது எல்லாம் சரியாக இருந்ததே என்று வெகுநேரம் தேடினேன். நான் சோதித்த வேளையில் விவசாயியின் பெயரைத் தரும் ஸ்ட்ரிங் (எழுத்துத் தொடர்) கிளை ஒன்றும் அதில் இருந்தது. ஸ்ட்ரிங்குக்கும் எண்களுக்கும் பொது வகை இல்லாததால், கம்பைலர் மெதட்டின் ஆப்ஜெக்டை எடுத்துக்கொண்டு ஒவ்வொரு கிளையையும் அப்படியே விட்டது. தேவையில்லை என்று அந்தக் கிளையை நான் நீக்கியதும் எண்கள் டபுளாகின. பெயரை எடுத்தால் மூட்டைக் கணக்கு மாறும் என்று யார் நினைப்பார்கள்?

திருத்தம் சிறியது: ஒரு கிளையின் பெறுமானத்தை ஆப்ஜெக்டாகக் காஸ்ட் செய்தால் போதும், பொது வகை ஆப்ஜெக்டாகிவிடும். கேள்விக்குறியும் முக்காற்புள்ளியும் போட்டு எழுதும் நிபந்தனைக் கோவையிலும் இதே பொறி உண்டு. லாங்கும் (பெரிய முழு எண்) டபுளும் கலந்தால் இன்னும் கவனம் வேண்டும்: 9007199254740993 என்ற எண் டபுளானதும் 992இல் முடியும். நீளமான பரிவர்த்தனை இலக்கம் வேறொருவருடையதாகிவிடலாம்.

இப்போது ஆப்ஜெக்ட் திருப்பித் தரும் மெதட்டுகளுக்கு நான் எழுதும் டெஸ்ட்டில் (சோதனை நிரலில்) பெறுமானத்தோடு அதன் வகையையும் சோதிக்கிறேன். பழைய சுவிட்ச் இருக்கும்போதே அந்த டெஸ்ட்டை எழுதி ஓட்டிய பிறகுதான் மாற்றத்தில் கை வைக்கிறேன்.