மைக்ரோ எக்ஸ்பிரஷன்: தமிழில் எப்படிச் சொல்வது?

வெடிகுண்டு வழக்கில் சிக்கியவன் வாயே திறப்பதில்லை. பக்கத்தில் அவனுடைய வழக்கறிஞர். எதிரே இருப்பவர் குண்டு இருக்கக்கூடிய இடங்களை ஒவ்வொன்றாகச் சொல்லி, அவன் முகத்தை மட்டும் பார்க்கிறார். 2009இல் ஃபாக்ஸ் தொலைக்காட்சியில் வந்த 'லை டு மீ' தொடர் இப்படித்தான் தொடங்குகிறது. முகத்தைப் பார்க்கும் அவர்தான் லைட்மன். டிம் ராத் நடித்த அந்தப் பாத்திரத்துக்கு முன்மாதிரி, உளவியலாளர் பால் எக்மன். தொடர் பரப்பிய சொல், 'மைக்ரோ எக்ஸ்பிரஷன்': மறைக்கும் உணர்ச்சி ஒரு கணம் முகத்தில் தோன்றி மறைவது.

தமிழில் இதை 'நுண்முகபாவம்' என்று எழுதிவிடுகிறோம். எனக்கு அதில் நிறைவில்லை. 1966இல் ஹாகார்ட், ஐசக்ஸ் என்ற ஆய்வாளர்கள் இருவரும் உளச்சிகிச்சைப் படச்சுருள்களில் இதைக் கண்டபோது இட்ட பெயர் 'மைக்ரோமொமென்டரி', அதாவது மிகச் சிறு கணமே நீடிப்பது. சிறியது நேரம்தான், பாவம் அன்று. முகம் முழுவதும் விரியும் துயரம்கூட இதில் அடங்கும். விரிந்த வேகத்தில் மறைந்துவிடும், அவ்வளவுதான். நலமாகிவிட்டதாகச் சொல்லி விடுப்புக் கேட்ட ஒரு நோயாளியின் படத்தை எக்மனும் அவருடைய சக ஆய்வாளர் ஃப்ரீசனும் மெதுவாக ஓட்டிப் பார்த்தார்கள். எதிர்காலத் திட்டம் என்ன என்று மருத்துவர் கேட்டதும், படச்சுருளின் இரண்டே சட்டகங்களில் (ஃபிரேம்களில்), நொடியில் பன்னிரண்டில் ஒரு பங்கு நேரம், வேதனை வந்து போயிருந்தது. அடுத்த சட்டகத்தில் சிரிப்பு. தற்கொலை எண்ணத்தை அந்த நோயாளி மறைத்திருந்தார்.

'எக்ஸ்பிரஷன்' என்பதன் லத்தீன் வேர், பிழிந்து வெளியேற்றுவதைக் குறிக்கும். இங்கே யாரும் எதையும் வெளியேற்றவில்லை. அடக்கியும் மீறி வருகிறது. தொல்காப்பியத்தின் 'மெய்ப்பாடு' இதற்கு இன்னும் பொருந்தும்: உள்ளத்தில் உள்ளது மெய்யில், அதாவது உடம்பில், தானே தோன்றுதல். உவந்தாலும் வெறுத்தாலும் முகம் 'தான்முந் துறும்' என்கிறது திருக்குறளின் குறிப்பறிதல் அதிகாரம். மாத்திரைக்குக் கண்ணிமையை அளவாக வைத்த மொழியில் நேரத்துக்குச் சொல் தேட வேண்டியதும் இல்லை. 'இமைநேர மெய்ப்பாடு' என்பேன்.

'பொய்காட்டி முகபாவம்' என்று மட்டும் பெயர்த்துவிடக் கூடாது. தோன்றுவது மறைத்த உணர்ச்சி. அதன் காரணம் முகத்தில் எழுதியிருப்பதில்லை. நிரபராதியும் விசாரணை அறையில் அஞ்சுவான். இந்தத் தொடரைப் பார்த்தவர்களை வைத்து 2010இல் வெளியான ஆய்வு ஒன்று உண்டு. அவர்கள் பொய்யைக் கண்டுபிடிப்பதில் மற்றவர்களைவிடத் தேறவில்லை. உண்மை சொன்னவர்களைத்தான் கூடுதலாகச் சந்தேகித்தார்கள்.