அந்த சதவீதத்துக்குள்ள யாரெல்லாம் இருக்காங்க?

சமூகவியல், அரசியல் அறிவியல், கல்வியியல்னு படிக்க வர்றவங்கள்ல நிறைய பேருக்கு புள்ளியியல் பேப்பர்னு ஒன்னு இருக்குன்னு தெரிஞ்சதுமே வயித்தக் கலக்கும், கணக்கு வேண்டாம்னுதானே இந்தப் பக்கம் வந்தோம்னு. அவங்க யாராவது எங்கிட்ட எங்க ஆரம்பிக்கிறதுன்னு கேட்டா நான் ஃபார்முலா எதையும் சொல்றதில்ல, ஒரே ஒரு டேபிளதான் காட்டுவேன். கூட்டல், வகுத்தல் தெரிஞ்சா போதும், அதுக்குள்ள இந்தப் பாடத்தோட பாதி இருக்கு.

1973-ல கலிஃபோர்னியாவுல இருக்கற பெர்க்லி பல்கலைக்கழகத்துல மேற்படிப்புக்கு அப்ளை பண்ணவங்க கணக்கு அது. ஆண்கள் 8,442 பேர் அப்ளை பண்ணதுல சுமார் 44% பேருக்கு இடம் கெடச்சுது, பெண்கள் 4,321 பேர்ல 35% பேருக்குதான் கெடச்சுது. இவ்ளோ பெரிய கூட்டத்துல 9 பாயிண்ட் வித்தியாசம் தற்செயலா வராது. பாத்த உடனே பெண்களுக்கு அநியாயம் நடந்திருக்குன்னுதான் யாருக்கும் தோணும், எனக்கும் அப்டிதான் தோணுச்சு.

ஆனா பல்கலைக்கழகம் மொத்தமா உக்காந்து ஆள் எடுக்கறதில்ல, ஒவ்வொரு துறையும் தனித்தனியாதான் எடுக்குது. அதனால பீட்டர் பிக்கல்னு ஒரு புள்ளியியல் பேராசிரியரும் அவரோட ரெண்டு பேரும் சேந்து துறைவாரியா பிரிச்சுப் பாத்தாங்க, 1975-ல சயன்ஸ் இதழ்ல கட்டுரையா வந்துச்சு. அப்புறம் அதுல பெரிய ஆறு துறைகளோட எண்கள் மட்டும், பேரெல்லாம் எடுத்துட்டு ஏ-ல இருந்து எஃப் வரைக்கும்னு, பாடப்புத்தகங்களுக்குள்ள போயிடுச்சு. ஏ துறைல ஆண்கள்ல 62% பேருக்கு இடம், பெண்கள்ல 82%. பி-ல 63, 68. சி-ல 37, 34. டி-ல 33, 35. இ-ல 28, 24. எஃப்-ல 6, 7. ஆறுல நாலு துறைல பெண்கள் சதவீதம்தான் கூட, மத்த ரெண்டுலயும் வித்தியாசம் கொஞ்சம்தான். ஆனா இதே ஆறு துறையயும் ஒன்னா கூட்டினா ஆண்கள் 45%, பெண்கள் 30%!

எப்டி? கூட்டல்ல தப்பு எதுவும் இல்ல. யார் எங்க அப்ளை பண்ணாங்கன்னு பாருங்க. ஏ, பி ரெண்டும் மூனுல ரெண்டு பேருக்கு இடம் குடுக்கற துறைங்க, ஆண்கள் 2,691 பேர்ல 1,385 பேர், அதாவது பாதிக்கு மேல அங்கதான் போயிருக்காங்க. பெண்கள் 1,835 பேர்ல அந்த ரெண்டுக்கும் போனது வெறும் 133 பேர். மிச்சப் பெண்கள் எல்லாரும் கதவு பாதிகூட தெறக்காத துறைகள்ல கூட்டமா நின்னாங்க. ஆக மொத்த சதவீதம் ரெண்டு விஷயத்தக் கலந்து சொல்லுது, துறை உங்கள எப்டி நடத்துச்சுங்கறது ஒன்னு, நீங்க எந்தத் துறைக்குப் போனீங்கங்கறது இன்னொன்னு. இந்த மாதிரி கூட்டும்போது தலைகீழா திரும்பறத சிம்சன் முரண்பாடுன்னு சொல்றாங்க.

இங்க நிறுத்தாம இன்னும் ஒரு அடி போங்க, ஏன்னா புத்தகத்துல பாதிப் பேர முழிக்க வைக்கிற ஒரு விஷயம் இங்கதான் புரியும். ஆண்கள் எப்டி துறைகளுக்குப் பிரிஞ்சு போனாங்களோ அதே மாதிரி பெண்களும் போயிருந்தா என்ன ஆயிருக்கும்? ஒவ்வொரு துறைலயும் பெண்களோட சதவீதத்த எடுத்து அந்தத் துறைக்கு அப்ளை பண்ண ஆண்களோட எண்ணிக்கையால பெருக்கி, ஆறையும் கூட்டி, 2,691-ஆல வகுத்துப் பாருங்க, சுமார் 52% வரும். 30% இருந்தது 52 ஆயிடுச்சு, ஆண்களோட 45-ஐத் தாண்டிடுச்சு. ரிக்ரெஷன், அதாவது ஒரு விஷயத்துல பல காரணிகளோட பங்கத் தனித்தனியாப் பிரிச்சுப் பாக்கற கணக்கு, அதோட ரிசல்ட்டுல "மற்ற காரணிகளை நிலையாக வைத்தால்"னு ஒரு வாக்கியம் வருமே, அது பண்றது ஏறக்குறைய இதுதான், வேற மந்திரம் எதுவும் இல்ல. கையால ஒரு தடவ இத போட்டவங்களுக்கு அப்புறம் அந்த வாக்கியத்தப் பாத்தா பயம் வராது.

அதுக்காக 52-னு வந்ததும் பெண்களுக்குதான் சலுகைன்னு எழுதிடாதீங்க. அந்த 7 பாயிண்ட் வித்தியாசத்துல 6 பாயிண்ட் ஏ-ங்கற ஒரே துறைல இருந்து வருது, அங்க அப்ளை பண்ண பெண்கள் 108 பேர்தான். அந்தச் சின்ன குழு மத்தவங்கள விட நல்லா தயாராகி வந்தவங்களா இருக்கலாம், மார்க் என்னன்னு டேபிள்ல இல்ல. எண் எங்கருந்து பலம் வாங்குதுன்னு தேடிப் பாக்கற இந்தப் பழக்கம்தான் டேட்டா அனாலிசிஸ்னு நான் நெனைக்கிறேன், மென்பொருள் பட்டன தட்டறது அதுல கடைசி வேல.

சரி, எதால பிரிக்கணும்னு யார் சொல்லுவா? துறையால பிரிக்கலாம், வயசால பிரிக்கலாம், ஊரால பிரிக்கலாம், ஒவ்வொன்னும் வேற வேற விடை குடுக்கும், எது சரின்னு எந்த ஃபார்முலாவும் சொல்லாது. இங்க துறையால பிரிச்சது சரி, ஏன்னா முடிவு எடுக்கறது துறை. அது கணக்கு இல்ல, அந்த இடம் எப்டி வேல செய்யுதுங்கற அறிவு. சமூக அறிவியல் படிக்கிறவங்க கணக்குல நாம பின்தங்கினவங்கன்னு ஒதுங்கி நிக்கறதப் பாத்தா எனக்கு மனசு கஷ்டமா இருக்கும், இந்தக் கேள்விக்கு பதில் சொல்லக் கூடியவங்களே அவங்கதான்.

பிரிக்கிறதுல இன்னொரு பள்ளமும் இருக்கு. 1950-ல ராபின்சன்ங்கற சமூகவியலாளர் அமெரிக்காவோட 1930 சென்சஸ வச்சு ஒன்னு காட்டினாரு. வெளிநாட்டுல பொறந்தவங்க அதிகமா இருக்கற மாநிலங்கள்ல எழுத்தறிவு இல்லாதவங்க கம்மி, கோரிலேஷன் மைனஸ் 0.53 (ரெண்டு விஷயம் எவ்ளோ சேந்து நகருதுங்கற அளவு அது, மைனஸ்னா ஒன்னு ஏற இன்னொன்னு எறங்கும்). அப்ப வெளிநாட்டுல பொறந்தவங்க நல்லா படிச்சவங்களா? தனி ஆளா எடுத்துப் பாத்தா ப்ளஸ் 0.12, அதாவது அவங்கள்லதான் எழுதப் படிக்கத் தெரியாதவங்க கொஞ்சம் கூட! ஏற்கனவே எழுத்தறிவு அதிகமா இருந்த மாநிலங்களாப் பாத்து அவங்க குடியேறினதால வந்த மாற்றம் இது. மாநில டேட்டாவ வச்சு மனுஷனப் பத்திப் பேசக் கூடாது, ஆனா தேர்தல் முடிஞ்ச மறுநாள் தொகுதி வரைபடத்த வச்சுக்கிட்டு இன்னார் இன்னாருக்குதான் ஓட்டுப் போட்டாங்கன்னு எத்தன பேர் எழுதறாங்க.

இதுவரைக்கும் பாத்தது டேபிளுக்குள்ள இருந்தவங்கள. டேபிளுக்குள்ள வராதவங்க கத வேற. 1936 அமெரிக்க அதிபர் தேர்தலுக்கு லிட்டரரி டைஜஸ்ட்ங்கற பத்திரிகை சுமார் 1 கோடி பேருக்கு வாக்குச்சீட்டு மாதிரி அட்ட அனுப்புச்சு, 20 லட்சத்துக்கும் மேல திரும்பி வந்துச்சு, ரூஸ்வெல்ட்ட எதுத்து நின்ன லாண்டன் ஜெயிப்பாருன்னு போட்டாங்க. ரூஸ்வெல்ட் 48 மாநிலத்துல 46-ஐ அள்ளிட்டாரு. முகவரி எடுத்தது டெலிஃபோன் டைரக்டரி, கார் பதிவு இதுல இருந்தெல்லாம், பொருளாதாரம் படுத்துக் கெடந்த அந்தக் காலத்துல ஃபோனும் காரும் யார்கிட்ட இருந்திருக்கும்? அது போக, அனுப்பினதுல கால்வாசிப் பேர்தான் பதில் போட்டாங்க, பதில் போட்டவங்களும் போடாதவங்களும் ஒரே மாதிரி ஆளுங்க இல்ல. அதே தேர்தல்ல கருத்துக்கணிப்பு நடத்தின ஜார்ஜ் கேலப் அதவிட ரொம்பக் கம்மியான பேர வச்சே சரியா சொல்லிட்டாரு.

எல்லா சர்வேலயும் 1,000 பேர், 1,200 பேருன்னே பாக்கறோமே, கோடிக்கணக்கான ஜனத்துக்கு அது எப்டி போதும்னு கேப்பாங்க. ரத்தப் பரிசோதனைக்கு பெரிய உடம்புன்னா ரெண்டு பாட்டில் எடுக்கறதில்ல, ரத்தம் உடம்பு பூரா கலந்து ஓடறதால சின்ன குப்பி போதும். சாம்பிளும் அதே மாதிரி, எல்லாருக்கும் ஒரே வாய்ப்பு இருக்கற மாதிரி குலுக்கி எடுத்தா 1,000 பேருக்கு தவறு எல்ல கூட்டியோ கொறச்சோ 3 பாயிண்ட்தான், நாட்டோட ஜனத்தொகை எவ்ளோங்கறது அந்தக் கணக்குக்குள்ள கிட்டத்தட்ட வர்றதே இல்ல. 100 பேருன்னா 10 பாயிண்ட். 4,000 பேரக் கேட்டா சுமார் ஒன்றரை, அதாவது தவறப் பாதியாக்க நாலு மடங்கு ஆள் வேணும். ஆனா குலுக்காம எடுத்த சாம்பிளுக்கு இந்த எண்ணுக்கே அர்த்தம் இல்ல, இந்தக் கணக்குப்படி பாத்தா 20 லட்சம் பேரக் கேட்ட லிட்டரரி டைஜஸ்ட்டுக்கு தவறே இருந்திருக்கக் கூடாது.

பி-வேல்யூ பத்தி ரெண்டு வரி மட்டும். உண்மைல வித்தியாசமே இல்லன்னு வச்சுக்கிட்டா, கெடச்ச அளவுக்கோ அதவிட அதிகமாவோ ஒரு வித்தியாசம் தற்செயலா வர எவ்ளோ வாய்ப்புங்கறதுதான் அது, உங்க கருத்து சரியா இருக்க எவ்ளோ வாய்ப்புங்கறது இல்ல, 2016-ல அமெரிக்க புள்ளியியல் சங்கமே இத அறிக்கையா எழுத வேண்டி வந்துச்சு. ஒன்னுமே இல்லாத டேட்டால ஒன்னோட ஒன்னு தொடர்பில்லாத 20 டெஸ்ட் போட்டா குறஞ்சது ஒன்னாவது 0.05-க்குக் கீழ, அதாவது தற்செயல் இல்லன்னு வழக்கமா எடுத்துக்கற எல்லைக்குக் கீழ, வர வாய்ப்பு 64%. அதனால ஒருத்தர் ஒரு ரிசல்ட்ட காட்டும்போது மொத்தம் எத்தன போட்டுப் பாத்தீங்கன்னு கேளுங்க.

மென்பொருள் எதுன்னு சண்ட போட வேண்டாம், எஸ்பிஎஸ்எஸ் 1968-ல சமூக அறிவியலுக்காகவே செஞ்சது, ஆர் இலவசம், ஆரம்பத்துக்கு எக்செல்கூட போதும். நான் ஆர்-னு சொல்லுவேன், ஏன்னா அந்த பெர்க்லி டேபிள் யூசிபிஅட்மிஷன்ஸ்ங்கற பேர்ல அதுக்குள்ளயே இருக்கு. மொதல்ல துறைய விட்டுட்டு கூட்டுங்க, அப்புறம் துறையோட பாருங்க, அப்புறம் அந்த 52-ஐ நீங்களே வரவழைங்க, ஒரு சாயங்காலம் ஆகும்.

அது வந்ததும் இத யோசிங்க. பெண்கள் ஏன் சி-லயும் இ-லயும் அவ்ளோ பேர் போய் நின்னாங்க, ஏ-க்கு ஏன் 108 பேர்தான் போனாங்க? பிக்கல் குழுவோட கட்டுரையே இதத் தொட்டுது, சமூகமும் படிப்பும் சேந்து பெண்கள கூட்டமான துறைகள் பக்கம் தள்ளுதுன்னு எழுதினாங்க. அப்ப அநியாயம் இல்லன்னு ஆகல, அது நடந்தது விண்ணப்பத்துக்கு முன்னாடி, பள்ளிக்கூடத்துலயும் வீட்டுலயும். அந்த வருஷங்களுக்கு இந்த டேபிள்ல கட்டமே இல்ல. அதத் தேட வேற கேள்வித்தாள் வேணும், பதினஞ்சு வயசுப் பிள்ளைங்ககிட்ட போய் உக்காந்து கணக்குப் பாடத்த எப்ப, யார் சொல்லி விட்டீங்கன்னு கேக்கணும்.