கோலம் போட்டால்தான் பொழுது விடியும்

மேற்கு மாம்பலத்தில் எங்கள் எதிர்வீட்டுப் பாட்டிக்கு 78 வயது. தாத்தா காலமாகி ஆறு வருடம் ஆகிறது. பிள்ளைகள் இருவரும் வெளிநாட்டில். தினமும் ஐந்தே முக்காலுக்கு வாசல் தெளித்து, ஏழு புள்ளியில் சிக்குக் கோலம் போடுவார். முழங்கால் வலித்தாலும் மூன்று புள்ளியாவது உண்டு. “எதுக்குப் பாட்டி இவ்வளவு சிரமம்?” என்றேன். “கோலம் போட்டாத்தான்ப்பா எனக்குப் பொழுது விடியுது” என்றார்.

அந்தப் பதிலில் நிறைய உடலியல் இருக்கிறது.

ஆள் துணைக்கு ஏங்குவதும் ஒரு வகைப் பசிதான். 2020-இல் வெளியான அமெரிக்க ஆய்வு ஒன்றில், 40 பேரைப் பத்து மணி நேரம் மனித முகமே பார்க்காமல் இருக்கச் சொன்னார்கள். இன்னொரு நாள் அதே நேரம் பட்டினி. பட்டினிக்குப் பின் சாப்பாட்டுப் படத்தைக் கண்டு தூண்டப்பட்ட அதே நடுமூளைப் பகுதி, தனித்திருந்த பின் மனிதர்கள் கூடிச் சிரிக்கும் படத்துக்கும் தூண்டப்பட்டது.

இந்தப் பசி தீராதபோது உடல் காவலுக்கு நிற்கிறது. தூக்கம் துண்டு துண்டாகிறது. விழித்த அரை மணி நேரத்தில் கார்ட்டிசால் என்ற மன அழுத்த ஹார்மோன் ஏறுவது எல்லோருக்கும் இயல்பு. முந்தைய நாள் தனிமையில் வாடியவர்களுக்கு அது இன்னும் அதிகமாக ஏறுவதை 2006-இல் சிகாகோ ஆய்வாளர்கள் கண்டார்கள். சரியாக அந்த நேரத்தில்தான் பாட்டியின் கையில் கோலமாவு இருக்கிறது.

மூளை எப்போதும் அடுத்து என்ன வரும் என்று கணித்தபடியே இருக்கும். நிச்சயமின்மைதான் அதற்குப் பெரிய பாரம். புள்ளி, அப்புறம் இழை, கடைசியில் முடிச்சு என்று வரிசை தெரிந்த வேலையில் கணிப்பு ஒவ்வொன்றும் பலிக்கிறது. மொரீஷியஸில் இந்துப் பெண்களுக்குப் பதற்றம் தரும் ஒரு வேலையைக் கொடுத்து, சிலரைக் கோயிலில் வழக்கமான பூஜை செய்ய விட்டார்கள். சும்மா உட்கார்ந்திருந்தவர்களைவிட அவர்களின் பதற்றம் குறைந்தது. இதயத் துடிப்பும் அதைக் காட்டியது.

ஆனால் வழக்கம் மட்டும் அந்தப் பசியை ஆற்றாது. எனக்குக் கோலத்தில் பிடித்ததே அது வாசலில் நடப்பதுதான். பால் போடும் தம்பி, நடைப்பயிற்சிக்குப் போகிறவர்கள், பூக்காரம்மா என்று எல்லோரிடமும் ஒரு வார்த்தை. இப்படிப்பட்ட மேலோட்டமான அறிமுகங்கள்கூட ‘நானும் இங்கே ஒருத்தி’ என்ற உணர்வைக் கூட்டுவதை 2014-இல் உளவியலாளர்கள் கில்லியன் சாண்ட்ஸ்ட்ராமும் எலிசபெத் டன்னும் காட்டினார்கள். ஸ்டிக்கர் கோலத்தில் இது எதுவும் கிடைக்காது.

போன மாதம் ஒரு நாள் ஆறரை வரை அந்த வாசல் காய்ந்தே கிடந்தது. பால் போடும் தம்பிதான் முதலில் மணியடித்தார். பாட்டிக்குக் காய்ச்சல். எட்டு மணிக்கு எங்கள் வீட்டிலிருந்து கஞ்சி போனது.