படம் முடிந்த பிறகும் அவர்கள் அதே தெருவில்தான் இருப்பார்கள்

ஆவணப்படம் எடுக்க வரும் இளைஞர்கள் முதலில் கேட்பது கேமராவைப் பற்றி, அடுத்து பணத்தைப் பற்றி. கேமரா இரவல் கிடைக்கும். சோற்றுக்கு விளம்பரப் படம், கல்யாண வீடியோ என்று பலரும் ஓடிக்கொண்டுதான் இருக்கிறோம். படத்தில் பேசப்போகிறவரின் சம்மதத்தைப் பற்றித்தான் அநேகமாக யாரும் கேட்பதில்லை. நான் அதைத்தான் முதலில் வைப்பேன்.

தமிழில் ஆவணப்படங்களுக்கு நல்ல முன்னோடிகள் உண்டு. மதுரையில் அமுதன் 2003இல் 'பீ' எடுத்தார். தெருவில் மலம் அள்ளும் ஒரு தூய்மைப் பணியாளரைப் பற்றிய படம் அது. 2017இல் மலம் அள்ளும் தொழிலாளர்களைப் பற்றிய திவ்யபாரதியின் 'கக்கூஸ்' வந்தது. அரங்குகளில் திரையிட அனுமதி மறுக்கப்பட்டு, யூடியூபில் ஏறி, ஊரெல்லாம் பார்த்தது. தியேட்டரை நம்பாத படங்களுக்கு இது பெரிய வாசல்.

ஆனால் சங்க அலுவலகத்தில் ஐம்பது பேர் உட்கார்ந்து பார்ப்பதும் யூடியூபும் ஒன்றல்ல. "எடுத்துக்கோ தம்பி" என்று ஓர் அக்கா சொல்லும்போது அவர் மனதில் இருப்பது எதிரே நிற்கும் நான்கு பேர்தான். அதில் ஒரு நிமிடத் துண்டு வாட்ஸ்அப்பில் சுற்றி ஒப்பந்ததாரரின் போனுக்கு வந்தால், மறுநாள் அவருக்கு வேலை இருக்காது. முதல் நாளே ஆங்கிலப் படிவத்தில் கைநாட்டு வாங்கிவிடுகிறோமே, அது வழக்கு வந்தால் நமக்கு உதவும். அவருக்கு அதனால் ஒரு பயனும் இல்லை.

அதனால் எடிட் முடிந்ததும் லேப்டாப்பைத் தூக்கிக்கொண்டு அவர் வீட்டுக்கே போங்கள். முழுப் படத்தையும் போட்டுக் காட்டி, இது எங்கெல்லாம் போகும் என்று சொல்லுங்கள். "இந்த இடம் வேண்டாம்" என்றால் எடுத்துவிடுங்கள், அது படத்தின் உயிரான காட்சியாக இருந்தாலும் சரி. முகத்தை மங்கலாக்கினால் போதும் என்பார்கள், போதாது. மேல்சட்டையின் முதுகில் ஒப்பந்த நிறுவனத்தின் பெயர் இருக்கும். பின்னால் பள்ளிச் சீருடையில் மகள் போவாள், பேட்ஜ் தெளிவாகத் தெரியும். குரலை வைத்தே தெருக்காரர்கள் ஆளைச் சொல்லிவிடுவார்கள்.

சம்மதம் வாங்கினாலும் காட்ட முடியாதவை உண்டு. பாலியல் வன்முறைக்கு ஆளான குழந்தையின் அடையாளம் வெளியாவதை போக்சோ சட்டம் தடுக்கிறது. பெற்றோரே சரி என்றாலும் சிறப்பு நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும்.

அப்புறம், படத்தில் சேராத காட்சிகள். இதைப் பலர் யோசிப்பதே இல்லை. சாக்கடைக்குள் இறங்கி இறந்தவரின் குடும்பத்துக்கு 10 லட்சம் ரூபாய் என்று 2014இல் சொன்ன உச்ச நீதிமன்றம், 2023 அக்டோபரில் அதை 30 லட்சமாக உயர்த்தியது. பணம் கைக்கு வருவதற்குள், "நாங்கள் இறங்கச் சொல்லவே இல்லை" என்று வேலை கொடுத்தவர்கள் சொல்லும் பதிலை எதிர்த்து அந்தக் குடும்பம் மல்லுக்கட்ட வேண்டியிருக்கும். யார் இறங்கச் சொன்னார், பாதுகாப்புக் கருவி கொடுத்தார்களா என்பதெல்லாம் நீங்கள் வெட்டிப் போட்ட காட்சியில் இருக்கலாம். எடுத்த கோப்புகளைப் பெயர்கூட மாற்றாமல் இரண்டு ஹார்ட் டிஸ்க்கில் வையுங்கள். என்று, எங்கே, யார் எடுத்தது என்று நோட்டில் குறியுங்கள். மின்னணுச் சாட்சியத்துக்கு பாரதிய சாட்சிய சட்டத்தின் 63ஆம் பிரிவுப்படி சான்றிதழ் தேவை. அந்தக் குடும்பத்தின் வக்கீல் அதைக் கேட்டு வரும்போது, படம் வெளியாகி எத்தனை வருடம் ஆகியிருந்தாலும் கையெழுத்துப் போட நீங்கள் இருக்க வேண்டும்.